மீனைக் கரையேற்றும் கைக்கொக்கி

அந்தமான் தீவுகளில் குடியேறி வாழும் நம் தமிழ்க் குடும்பங்களுக்குக் கடல் அண்டை வீட்டைப் போன்றது. அரசுப் பணி, துறைமுக வேலை, கட்டடத் தொழில், வாணிகம் என வெவ்வேறு அலுவல்களை நாடி வந்தவர்களாயினும், ஓய்வு நாள் வந்தால் தூண்டிலை எடுத்துக்கொண்டு படகுத் துறைக்கோ பாறைக் கரைக்கோ செல்வோர் நம்மிடையே பலர் உளர். 2024ஆம் ஆண்டில் ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் மாற்றம் பெற்ற போர்ட் பிளேரைச் சுற்றியுள்ள கடலில் பாரை, வஞ்சிரம், ஊளி, களவா, சூரை முதலிய மீன்கள் கிடைக்கின்றன. இந்தி பேசும் அன்பர்கள் சுர்மாய் என்பது நம் வஞ்சிரத்தையே. நல்ல வஞ்சிரம் ஒன்று அகப்பட்டுவிட்டால் நம் வீட்டில் மட்டுமன்றி அடுத்த இரண்டு வீடுகளிலும் அன்று குழம்பு மணக்கும்.

அத்தகைய மீன் நம் கையை விட்டுப் போவது பெரும்பாலும் படகின் ஓரத்திலேதான். இதற்குக் காரணம் எளியது. நீருக்குள் இருக்கும் வரையில் மீனின் எடையை நீரே தாங்குகிறது. நம் நரம்பு மீனின் இழுப்பை மட்டுமே தாங்கினால் போதும். மீனை நீருக்கு வெளியே தூக்கிய நொடியில் அதன் முழு எடையும், அது துள்ளும் வேகமும் ஒருங்கே நரம்பின் மீது விழுகின்றன. அரைமணி நேரம் போராடித் தாங்கிய தங்கூஸ் நரம்பு அப்போது அறுகிறது. அல்லது வாயில் தைத்த முள் சதையைக் கிழித்துக்கொண்டு வெளிவருகிறது. இக்கடைசி இரண்டு முழத் தூரத்தைக் கடக்க உதவும் கருவியே கைக்கொக்கி. ஒரு கழியின் நுனியில் பொருத்தப்பட்ட, கூரிய, வளைந்த எஃகுக் கொக்கி, அவ்வளவே. ஆயினும் இதைத் தேர்வதிலும் கையாள்வதிலும் நாம் காட்டும் கவனத்தைப் பொறுத்தே மீன் நம் சட்டிக்கு வருவதும், காயம்பட்டுக் கடலில் வீணே மடிவதும், சில வேளைகளில் நம் கையே புண்படுவதும் அமைகின்றன.

முதலில் தீர்மானம்

கொக்கியைக் கையில் எடுக்குமுன் ஒரு கேள்விக்கு விடை தெரிந்திருத்தல் வேண்டும்: இம்மீன் உணவுக்கு உரியதா, அல்லவா? கொக்கி பட்ட மீன் பிழைத்தல் அரிது. ஆதலின் மீண்டும் கடலில் விட எண்ணும் மீனுக்கும், இன்னதென்று அடையாளம் தெரியாத மீனுக்கும் கொக்கியைப் பயன்படுத்துதல் கூடாது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் திமிங்கிலச் சுறா, வேளாச் சுறா முதலியவை 2001ஆம் ஆண்டில் சேர்க்கப்பட்டன. கடலாமைகளும் அச்சட்டத்தின் காவலில் உள்ளவை. இவை தூண்டிலில் தற்செயலாகச் சிக்கினும், நரம்பை வாயருகே அறுத்து விட்டுவிடுவதே முறை. வண்டூரில் 1983ஆம் ஆண்டு அமைக்கப்பட்ட மகாத்மா காந்தி கடல்சார் தேசியப் பூங்காவின் எல்லைக்குள் மீன்பிடித்தலே கூடாது. மற்ற இடங்களில் பிடிப்பதற்குரிய விதிகளை மீன்வளத் துறை அலுவலகத்தில் முன்னரே கேட்டறிந்து கொள்ளுதல் நலம்.

இரண்டு மூன்று கிலோவுக்கு உட்பட்ட மீனுக்குக் கைவலையே ஏற்றது. சிறு மீனைக் கொக்கியால் குத்தினால் சதையில் பாதி சிதையும். உண்பதற்கு மிஞ்சுவது குறையும். ஆகவே கைவலை, கைக்கொக்கி என்ற இரண்டுள் ஒன்றை மட்டுமே வாங்க வசதியுள்ளவர்கள் முதலில் கைவலையை வாங்குமாறு கூறுவோம். அதற்குள் அடங்காத மீன் அடிக்கடி அகப்படத் தொடங்கிய பின்னரே கொக்கியைப் பற்றி எண்ணலாம்.

கடையில் பார்க்க வேண்டியவை

விலை மிகுந்த கொக்கிதான் வேண்டும் என்பதில்லை. மலிவான கொக்கியிலும் நான்கு பகுதிகள் செவ்வையாக இருப்பின் அது பல ஆண்டு உழைக்கும்.

முதலாவது, வாயகலம். கொக்கியின் நுனிக்கும் அதன் தண்டுக்கும் இடைப்பட்ட தூரத்தையே இவ்வாறு கூறுகிறோம். சிறிய மீனுக்கு 2 அங்குலமும், நமக்குப் பெரும்பாலும் கிடைக்கும் நடுத்தர மீனுக்கு 3 அங்குலமும் போதும். 4 அங்குலம் பெருமீன்களுக்கு உரியது. வாய் மிகக் குறுகினால் கொக்கி மீனின் தடித்த முதுகைப் பற்றாமல் தோலைக் கீறிவிட்டு வரும். மிக அகன்றால் மீன் அதனுள் ஆடி நழுவும். கம்பியின் பருமனும் இதைப் போன்றதே. மெல்லியது வளைந்துவிடும், மிகத் தடித்தது எளிதில் தைக்காது.

இரண்டாவது, உலோகம். உப்புக் காற்றில் முலாம் பூசிய இரும்பு ஒரு மழைக்காலத்தைக் கடப்பதே அரிது. துருப்பிடிக்காத எஃகில் 304, 316 என்னும் இரு வகைகள் கடைகளில் வழங்குகின்றன. 316 வகையில் மாலிப்டினம் கலந்திருப்பதால் அது கடல் உப்பை மேலும் நன்கு தாங்கும். 304 வகை கிடைத்தாலும் பழுதில்லை; ஒவ்வொரு முறையும் நன்னீரில் கழுவித் துடைத்து வைத்தால் போதும். நுனியின் கூர்மையை நகத்தில் வைத்துப் பார்க்கலாம். மெல்லத் தொட்டவுடன் நகத்தில் நின்றால் கூர்மை உண்டு. வழுக்கினால் அரம் கொண்டு தீட்ட வேண்டும். தூண்டில் முள்ளில் உள்ளதைப் போன்று பின்னோக்கிய சிறு முள் கொக்கிக்கு வேண்டுவதில்லை. மீனைப் பெட்டியில் இட்டவுடன் கொக்கி தடையின்றிக் கழன்று வர வேண்டும்.

மூன்றாவது, கொக்கியும் கழியும் சேரும் மூட்டு. மலிவான கொக்கிகள் பெரும்பாலும் இவ்விடத்திலேதான் கைவிடுகின்றன. கொக்கியைக் கையால் பற்றித் திருகிப் பாருங்கள். சிறிதளவு அசைந்தாலும் அதை விட்டுவிடுங்கள். ஒன்றனுள் ஒன்று நுழைந்து நீளும் மடக்குக் கழிகள் கடையில் அழகாகத் தோன்றும். ஆனால் குறைந்த விலையில் கிடைப்பனவற்றில் பூட்டு தளர்ந்து, மீனின் எடை ஏறும்போது கொக்கி பக்கவாட்டில் திரும்பிவிடும். மணலும் உப்பும் புகுந்தால் அவை நீளவும் மாட்டா, சுருங்கவும் மாட்டா. அதே விலைக்கு ஒரே துண்டான கழியை வாங்குவதே மேல்.

நான்காவது, நீளம். நீர்மட்டத்திற்கு அருகில் அமரும் சிறு டிங்கியில் 2 முதல் 3 அடிக் கழி போதும். விளிம்பு உயர்ந்த படகுக்கு 4 அடிக்கு மேல் வேண்டும். பாறைக் கரையில் நிற்போருக்கு 6 அடியும் மிகையன்று. கழி குட்டையாயின் எட்டுவதற்காக அலை மோதும் ஈரப்பாறையில் ஓர் அடி கீழே இறங்கத் தோன்றும். அந்த ஓர் அடியே உயிருக்கு உலை வைப்பது. உயர்ந்த படகுத் துறைமேல் நின்று பிடிப்போருக்குக் கைக்கொக்கியே பயன்படாது. பல கவர்க் கொக்கியைக் கயிற்றில் கட்டி, நரம்பை ஒட்டி இறக்கி மீனைத் தூக்குவதே அவர்களுக்கு உரிய வழி.

வீட்டில் செய்வது எப்படி?

கைத்திறன் உள்ளவர்கள் கொக்கியைத் தாமே செய்துகொள்ளலாம். முற்றிய, சுவர் தடித்த மூங்கில் கழியைக் கடையில் வாங்கி நன்கு உலர விடுக. கையால் சுற்றிப் பிடித்தால் விரல்கள் இறுகப் பற்றும் பருமனே தகுந்தது. கணு ஒன்று நுனிக்கு அருகில் இருக்குமாறு அறுத்துக்கொண்டால் மூங்கில் பிளவாது. கொக்கித் தண்டின் கடைக்கோடியை அரை அங்குல அளவு செங்குத்தாக வளைத்து, கழியில் இட்ட துளைக்குள் அதைப் பொருத்த வேண்டும். தண்டு படியும் இடத்தில் ஆழமில்லாத பள்ளம் இடுக. பின்னர் உறுதியான நைலான் கயிற்றை நெருக்கமாகச் சுற்றி, அதன் மேல் எபாக்ஸிப் பசை பூசி ஒரு நாள் உலர்த்துக. வளைத்த பகுதி துளைக்குள் ஊன்றி நிற்பதால், எவ்வளவு இழுத்தாலும் கொக்கி கழியை விட்டு உருவி வராது.

வாங்கியதாயினும் செய்ததாயினும், கடலுக்குக் கொண்டு செல்லுமுன் வீட்டு முற்றத்தில் சோதித்தல் இன்றியமையாதது. இருபது லிட்டர் தண்ணீர் நிறைந்த வாளியின் கைப்பிடியைக் கொக்கியில் மாட்டிச் சிறிது தூக்கி, இரண்டு மூன்று முறை குலுக்கிப் பாருங்கள். அது 20 கிலோவுக்குச் சற்று மேற்பட்ட எடை. மூட்டில் ஓசையோ அசைவோ இல்லையாயின் நம்பலாம். கழி நீரில் மிதக்கிறதா என்பதையும் தொட்டியில் இட்டுப் பார்த்துக்கொள்க.

பயன்படுத்தும் முறை

அவசரமே இதில் முதல் பகை. மீன் படகைக் கண்டவுடன் மிரண்டு மீண்டும் ஓடும். ஓடும் மீனின் மீது கொக்கியை வீசுதல் கூடாது. அது களைத்து, பக்கவாட்டில் சாய்ந்து, தலை நம்மை நோக்கி வரும் வரையில் பொறுத்திருத்தல் வேண்டும். தூண்டிலைப் பிடித்தவர் ஓரடி பின்வாங்கி மீனைப் படகின் ஓரமாக அழைத்து வர, கொக்கி பிடித்தவர் முன்னே வர வேண்டும். எப்போது குத்துவது என்பதை இருவருள் ஒருவரே சொல்ல வேண்டும்.

கொக்கியின் நுனி கீழ்நோக்க, அதை மீனின் முதுகுக்கு அப்பால் நீட்டி, தலைக்குச் சற்றுப் பின்னே உள்ள தோளில் படுமாறு நம் பக்கமாக ஒரே சீராக இழுக்க வேண்டும். கோடரியால் வெட்டுவது போல் ஓங்கி அடித்தால் குறி தவறும், நரம்பும் அறுபடும். நரம்புக்கு முன்புறமாகக் கொக்கியை நீட்டாமல் எப்போதும் அதற்குப் பின்புறமாகவே நீட்டுக. வயிற்றுப் பகுதி மென்மையானது. அங்குத் தைத்த கொக்கி கிழித்துக்கொண்டு வந்துவிடும். குடல் கிழிந்தால் இறைச்சியும் கெடும். வாற்பகுதியில் தைத்தாலோ, தலை விடுபட்ட மீன் முழு வலிமையுடன் உதறும்.

தைத்தவுடன் நிற்காமல், கழியைச் செங்குத்தாக நிறுத்திக் கை மாற்றிக் கை பிடித்து மேலே தூக்கி நேரே பெட்டியில் இறக்க வேண்டும். கழியைப் படுக்கையாகப் பிடித்து நெம்பினால் மூங்கில் முறியும். மீனும் வழுக்கி விழும். மீன் பெட்டியை அடையும் வரையில் தூண்டில் பிடித்தவர் நரம்பைத் தளர்வாக, ஓடத் தக்கவாறு வைத்திருக்க வேண்டும். கொக்கியிலிருந்து மீன் நழுவினும் அப்போது நரம்பு அறாது, மீண்டும் முயலலாம்.

நம் கைக்குக் காவல்

கைக்கொக்கி மீனையும் மனிதனையும் வேறுபடுத்தி அறியாது. பயன்படுத்தாத வேளையில் அதன் நுனிக்கு ரப்பர்க் குழாய்த் துண்டோ தக்கையோ செருகி, படகில் ஒருவரும் மிதிக்காத இடத்தில் நுனி கீழ்நோக்கக் கட்டி வைக்க வேண்டும். சிறுவர்களை உடன் அழைத்துச் செல்வோர் இதில் இருமடங்கு விழிப்புடன் இருத்தல் வேண்டும். கழியின் கயிற்றை மணிக்கட்டில் சுற்றிக்கொள்ளும் பழக்கம் தீது. பெரிய மீன் கழியோடு சேர்த்து ஆளையும் நீருக்குள் இழுக்கும். வஞ்சிரத்துக்கும் ஊளிக்கும் பற்கள் கத்தி போன்றவை. அவற்றுக்காகக் கட்டும் எஃகுக் கம்பியை வெறுங்கையால் சுற்றிப் பிடிக்கலாகாது; தடித்த கையுறை அணிதல் வேண்டும்.

எவ்வளவு கவனம் இருப்பினும் விபத்து நேரலாம். கொக்கி சதையில் ஆழமாகத் தைத்துவிட்டால் அதைப் பிடுங்க முயலாமல், அசையாதவாறு துணியால் கட்டி மருத்துவரிடம் விரைக. மேற்காயமாயின் தூய நீரும் சோப்பும் கொண்டு நன்கு கழுவி, தசைவிறைப்பு நோய்க்கான ஊசியைப் பற்றி மருத்துவரிடம் கேட்க வேண்டும். கடல் நீரிலும் மீன் செதிலிலும் பட்ட புண் விரைவில் சீழ்ப்பிடிக்கும். தீவுகளில் மருத்துவமனை எப்போதும் அருகில் இருப்பதில்லை என்பதை நினைவிற் கொள்க.

மீன் ஏறிய பின்

பெட்டியில் விழுந்த மீனைத் துடிக்க விடுதல் இரக்கமற்ற செயல், சுவைக்கும் கேடு. கனத்த கட்டையால் தலையில் ஓர் அடி அடித்து அதன் வேதனையை முடித்து, செவுளை அறுத்துக் குருதியை வடியச் செய்து, உடனே பனிக்கட்டியில் புதைக்க வேண்டும். சூரையும் வஞ்சிரமும் வெயிலில் கிடந்தால் அவற்றின் தசையில் ஹிஸ்டமின் என்னும் பொருள் உண்டாகிறது. அதை எவ்வளவு கொதிக்க வைத்தாலும் அகற்ற இயலாது. உண்டவருக்கு முகம் சிவந்து, தலைவலியும் தடிப்பும் தோன்றும். ஆகவே பனிக்கட்டியின்றிப் பெரிய மீனை நாடிப் புறப்படாமல் இருப்பதே நன்று. அந்தமானின் கழிமுகங்களிலும் அலையாத்திக் காடுகளை ஒட்டிய நீரிலும் உவர்நீர் முதலைகள் உண்டாதலால், நீரோரத்தில் குந்தி மீன் கழுவுவதும் குடலை அங்கேயே எறிவதும் பேராபத்தாகும். அவ்வேலையை வீட்டுக்கு வந்தே செய்துகொள்ளலாம்.

சிறு செலவில் கிடைக்கும் இக்கருவி நமக்குக் கற்றுத் தருவது பொறுமையை. தீர்மானித்த பின்னரே ஓங்க வேண்டும். ஓங்கினால் ஒரே இழுப்பில் முடிக்க வேண்டும். ஐயம் இருப்பின் கொக்கியைக் கீழே வைத்துவிட்டு மீனைப் போக விடுவதில் குறைவொன்றும் இல்லை. அடுத்த ஓய்வு நாளிலும் கடல் அங்கேயே இருக்கும். நம் வீட்டார் நாம் நலமாகத் திரும்புவதையே முதலில் எதிர்பார்த்து நிற்கின்றனர். மீன் அதற்குப் பின்னரே.