மூச்சை எண்ணிய மருத்துவர்கள்

காலத்தைத் தம் கட்டுக்குள் வைத்திருந்த மருத்துவர் கூட்டம் ஒன்றைப் பற்றிய கற்பனை பல பண்பாடுகளில் காணப்படுவதுதான் என்றாலும், தமிழகத்தில் அது பதினெண் சித்தர் என்னும் உருவில் மக்கள் மனத்தில் ஆழ ஊன்றியிருக்கிறது. இந்தப் பதினெண்மர் ஒரே காலத்தில் ஒரே இடத்தில் கூடி வாழ்ந்தவர்கள் அல்லர். பட்டியலுக்குப் பட்டியல் பெயர்கள் மாறுகின்றன. அவர்கள் பெயரில் வழங்கும் மருத்துவ நூல்கள் சிலவற்றில், 16ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கீசிய வணிகத்தோடு இந்தியாவில் பரவிய பறங்கிப்பட்டை என்னும் சீன வேர் இடம்பெறுவதால், அவை அந்த அளவுக்குப் பிற்பட்டவை என்பதும் தெளிவு. எனவே சித்தர் திருக்கூட்டம் என்பது வரலாறும் புனைவும் பிரிக்க முடியாதபடி கலந்து உருவான ஒன்றாகும். ஆயினும் அந்தப் புனைவு ஆகாயத்திலிருந்து குதித்ததன்று. சித்த மருத்துவத்துக்குள்ளேயே இருந்த ஒரு காலக் கணக்கை அதன் எல்லைவரை நீட்டியதால் விளைந்ததாகவே அதைக் கொள்ள இடமுண்டு.

அந்தக் கணக்கின் அடிப்படை அலகு மூச்சு. ஒரு நாளுக்கு அறுபது நாழிகை, அதாவது 24 நிமிடம் கொண்ட அறுபது பகுதிகள். ஒரு நாழிகைக்கு 360 மூச்சு. ஆக ஒரு நாளுக்கு 21,600 மூச்சு என்று நூல்கள் வகுக்கின்றன. இது நிமிடத்துக்குப் பதினைந்து மூச்சு ஆவதால், ஓய்விலிருக்கும் பெரியவர் ஒருவருக்கு இன்றைய மருத்துவம் குறிக்கும் 12 முதல் 20 வரையிலான எல்லைக்குள் அது சரியாகவே அடங்குகிறது. பன்னிரண்டு விரற்கடை நீளம் வெளியே செல்லும் மூச்சில் எட்டு விரற்கடையே உள்ளே திரும்புகிறது, எஞ்சிய நான்கு வீணாகிறது என்பது இதன் அடுத்த படி. மனிதனுக்கு அளிக்கப்பட்டது ஆண்டுகள் அல்ல, மூச்சுகளே என்று கொண்டுவிட்டால், மூச்சைச் சிக்கனப்படுத்துபவன் ஆயுளை நீட்டுகிறான் என்ற முடிவு தானாக வந்து சேரும். அந்தச் சிக்கனத்துக்கான பயிற்சியே வாசியோகம், அதாவது மூச்சை நெறிப்படுத்தும் யோகம். திருமூலர் மூவாயிரம் ஆண்டு யோகத்தில் அமர்ந்து ஆண்டுக்கு ஒரு பாடலாகத் திருமந்திரத்தைப் பாடினார் என்று 12ஆம் நூற்றாண்டின் பெரியபுராணம் சொல்லும் வரலாற்றை இந்தப் பின்னணியில் வைத்துப் பார்த்தால், அது வெறும் மிகையாகத் தோன்றாமல், ஒரு கணக்கை நேர்மையாகப் போட்டுப் பார்த்தவரின் விடையாகவே தோன்றும்.

நோயை அறியும் முறையிலும் காலமே அளவுகோலாக நிற்கிறது. கண்ணிமைக்கும் அல்லது கைநொடிக்கும் நேரமான மாத்திரை என்னும் இலக்கண அலகையே எடுத்துக்கொண்டு, வாதம், பித்தம், கபம் ஆகிய மூன்று நாடிகளும் முறையே ஒன்று, அரை, கால் மாத்திரை அளவில் நடக்க வேண்டும் என்றும், இந்த விகிதம் குலைந்தால் நோய் என்றும் சித்த மருத்துவர்கள் வரையறுத்தனர். மனித வாழ்நாளும் அவ்வாறே மூன்று பங்காகி, முதற்பங்கு வாதத்துக்கும், நடுப்பங்கு பித்தத்துக்கும், இறுதிப்பங்கு கபத்துக்கும் உரியதாயிற்று.

இவற்றையெல்லாம்விட வியப்பூட்டுவது மருந்துகளை வரிசைப்படுத்திய விதம். சாறும் குடிநீரும் ஒரு சாமம், அதாவது மூன்று மணி நேரம் மட்டுமே வீரியத்தோடு இருக்கும். பொடியாகிய சூரணம் மூன்று மாதமும், லேகியமாகிய இலகம் ஆறு மாதமும், மெழுகு ஐந்து ஆண்டும் தாங்கும். உலோகங்களையும் உப்புகளையும் சாறு விட்டு அரைத்துப் புடமிட்டு, அதாவது வறட்டி அடுக்கி எரித்துச் செய்யும் மருந்துகளுள், சிவந்த பொடியான செந்தூரம் 75 ஆண்டும், வெண்மையான பற்பம் நூறு ஆண்டும், சுண்ணம் ஐந்நூறு ஆண்டும் கெடாமல் நிற்கும் என்று நூல்கள் கூறுகின்றன. தழையில் தொடங்கித் தாதுவில் முடியும் இந்த ஏணியில், நெருப்பில் வெந்து அழியாமல் மிஞ்சிய பொருள் தன்னை உண்ட உடலுக்கும் அந்த அழியாமையைக் கொடுக்கும் என்ற நம்பிக்கை ஊடாடுகிறது. காயகற்பம் எனப்படும், உடலைக் கல்போல் உறுதியாக்கி நரை திரை மூப்பைத் தள்ளிப்போடும் மருத்துவப் பிரிவின் உயிர்நாடி இதுவே. மூலிகைக் கற்பம், தாதுக் கற்பம், மூச்சுப் பயிற்சியாகிய யோகக் கற்பம் என அது பல வகைப்படும். இவற்றின் உச்சியில் முப்பு என்ற ஒரு பொருள் வைக்கப்பட்டிருக்கிறது. அதன் செய்முறை பரிபாஷை எனப்படும் குழூஉக்குறி நடையில் மறைத்தெழுதப்பட்டிருப்பதால், அது எந்த உப்பு என்பதில் மருத்துவர்களிடையே இன்றுவரை ஒத்த கருத்து இல்லை. பழனி முருகன் திருவுருவத்தை, பாடாணம் எனப்படும் நச்சுத் தாதுக்கள் ஒன்பதைக் கட்டிச் சித்தர் போகர் செய்தார் என்ற கதையும் இந்த வேதியியல் கனவிலிருந்து கிளைத்ததே.

காலத்தை வென்றவர்களுக்குச் சமாதிகள் இருப்பதேன் என்ற கேள்விக்கும் மரபு விடை வைத்திருக்கிறது. போகர் பழனியிலும், மற்றொரு சித்தரான கோரக்கர் நாகப்பட்டினத்தை அடுத்த வடக்குப் பொய்கைநல்லூரிலும் அடங்கினர் என்பார்கள். ஆனால் அவை இறந்தோர் கல்லறைகள் அல்ல, மூச்சை முற்றிலும் நிறுத்தி உயிரோடு அமர்ந்த சீவசமாதிகள் என்று உடனே விளக்குவார்கள். மூச்சுச் செலவே இல்லாதவனுக்கு இருப்பு குறையாதல்லவா?

கணக்கு எவ்வளவு ஒழுங்கானதாயினும் அதன் முதற்கோளை உடலியல் ஏற்பதில்லை; மூச்சின் மொத்த எண்ணிக்கை பிறப்பிலேயே வரையறுக்கப்படுகிறது என்பதற்குச் சான்று எதுவுமில்லை. மெதுவான மூச்சு மனப் பதற்றத்தைத் தணிக்கக்கூடும் என்பது வேறு, ஆயுளை இரட்டிப்பாக்கும் என்பது வேறு. இரசம், பாடாணம் ஆகியவை சேர்ந்த மருந்துகளைப் பொறுத்தவரை, முறையாகச் சுத்தி செய்யப்படாவிட்டால் அவை நஞ்சே என்று பழைய நூல்களே எச்சரித்திருக்க, பாதரசமும் ஆர்சனிக்கும் சிறுநீரகத்தையும் நரம்புகளையும் கெடுக்கும் என்று நச்சியல் தெளிவாக நிறுவியிருக்கிறது.

ரிச்சர்ட் வைஸ் என்ற ஆய்வாளர் 2009இல் வெளியிட்ட நூலில், தற்காலச் சித்த மருத்துவம் அழியா உடல் பற்றிய இந்த வாக்குறுதியைத் தமிழ்த் தொன்மைப் பெருமையோடு எவ்வாறு பிணைத்துக்கொண்டது என்பதை ஆராய்ந்திருக்கிறார். பாளையங்கோட்டையில் 1964இல் தொடங்கிய அரசு சித்த மருத்துவக் கல்லூரியிலும், தாம்பரம் சானடோரியத்தில் 2005இல் திறக்கப்பட்ட தேசிய சித்த மருத்துவ நிறுவனத்திலும் இத்துறை இன்று பட்டப்படிப்பாகப் பயிற்றுவிக்கப்படுகிறது. மறுபுறம், இந்திய மருந்து மற்றும் அழகுப்பொருள் விதிகள், எந்த மருந்தும் குணப்படுத்துவதாகவோ தடுப்பதாகவோ உரிமை கொண்டாடக் கூடாதவை என அட்டவணையிட்ட நிலைகளுள், இளமையை மீட்டுத் தருதலும் முன்கூட்டிய மூப்பும் நரையும் இடம்பெற்றிருக்கின்றன.