நான்கு லட்சம் கடிதங்கள்

தூர்தர்ஷனில் 1984 ஜூலையில் தொடங்கிய 'ஹம் லோக்' தொடரின் ஒவ்வொரு பகுதி முடிவிலும் இந்தி நடிகர் அசோக் குமார் திரையில் தோன்றுவார். நேயர்களின் கண்ணைப் பார்த்து, அன்றைய கதையில் யார் செய்தது சரி, யார் செய்தது தவறு என்று பேசுவார். வீட்டுப் பெரியவர் ஒருவர் திண்ணையில் உட்கார்ந்து பேசுவதைப் போல இருக்கும்.

156 பகுதிகள் ஓடிய 17 மாதங்களில் தூர்தர்ஷனுக்கும் நடிகர்களுக்கும் சுமார் 4 லட்சம் கடிதங்கள் குவிந்தன. தொடரில் வரும் பட்கியின் கல்யாணத்துக்கு வாழ்த்துத் தந்திகள் வந்தன!

நேயருக்கும் திரையில் வருபவருக்கும் இடையிலான இந்த உறவை 1956இலேயே டொனால்ட் ஹார்ட்டன், ரிச்சர்ட் வோல் என்ற ஆய்வாளர்கள் விளக்கியிருந்தார்கள். திரையில் இருப்பவர் நம்மை நேராகப் பார்த்துப் பேசினால், அவர் நமக்குத் தெரிந்தவர் என்றே மனம் எடுத்துக்கொள்கிறது. நடிப்பு என்று தெரிந்திருந்தும் கோபமும் பாசமும் பொங்குகின்றன.

தொடருக்கு அடித்தளம் உளவியலாளர் ஆல்பர்ட் பந்துராவின் கருத்து: பிறர் அடையும் பலனையும் படும் பாட்டையும் பார்த்து மனிதர்கள் கற்கிறார்கள். மெக்சிகோவில் மிகேல் சபிதோ என்பவர் இதை வைத்துத் தொடர்கள் எடுத்திருந்தார். அதே வழியில் வந்ததுதான் 'ஹம் லோக்'. ஆனால் அதன் தொடக்கப் பகுதிகளில் குடும்பக் கட்டுப்பாட்டுப் பிரச்சாரம் தூக்கலாக இருந்ததை நம் நேயர்கள் ரசிக்கவில்லை. அதைக் குறைத்துக்கொண்டு, குடும்பத்துக்குள் பெண்கள் படும் பாட்டைக் கதை தொட ஆரம்பித்த பிறகுதான் தொடர் பிடித்துக்கொண்டது.

எனக்கு மிக முக்கியமாகப் படுவது தொடரில் வரும் பகவந்தியின் கதை. எல்லாவற்றையும் பொறுத்துக்கொண்டு அடங்கிக் கிடக்கும் அம்மா அவள். இப்படி இருக்கக்கூடாது என்று காட்டத்தான் அவளைப் படைத்தார்கள். அரவிந்த் சிங்கால், எவரெட் ரோஜர்ஸ் என்ற ஆய்வாளர்கள் நேயர்களை ஆராய்ந்தபோது, பலர் அவளையே முன்மாதிரியாகக் கொண்டிருந்தது தெரியவந்தது. எழுதியவர் ஒன்று நினைக்க, பார்த்தவர்கள் தங்கள் வாழ்க்கையை வைத்து வேறொன்றாகப் படித்தார்கள்.

இன்று தொலைக்காட்சிப் பார்வையை அளப்பது மும்பையில் உள்ள பார்க் அமைப்பு. தேர்ந்தெடுத்த வீடுகளில் வைத்த மீட்டர், ஒலிபரப்பில் கலந்திருக்கும் காதுக்குக் கேட்காத குறியீட்டைக் கொண்டு நிமிடக் கணக்கில் பார்வையைப் பதிவு செய்கிறது. எந்த சேனல், எத்தனை பேர் என்பது அதில் தெரியும். பகவந்தியைப் பார்த்தவர் கண்ணீர் விட்டாரா, கைகூப்பினாரா என்பது தெரியாது. அதற்கு நேயரிடமே கேட்க வேண்டும். தொடர் எடுப்பவர்கள் டிஆர்பி என்னும் இந்தப் பார்வை எண்ணோடு நின்றுவிடாமல் அந்த ஆய்வுக்கும் பணம் ஒதுக்க வேண்டும்.