விடுதலைத் தீர்ப்பும் அப்பீல் கோர்ட்டும்

செம்பரம்பாக்கத்தில் சிறு பட்டறை வைத்திருக்கும் ஒருவர், ஒரகடத்து ஒப்பந்தக்காரர் ஒருவருக்குச் சரக்கு அனுப்பினார் என்று வைத்துக்கொள்வோம். கிரயத்துக்கு வந்த செக், பாங்கியில் பணமில்லையென்று திரும்பிற்று. நோட்டீஸ் விட்டார், பிராது கொடுத்தார், வருஷக்கணக்காய் வாய்தாவுக்கு அலைந்தார். முடிவில் மாஜிஸ்திரேட் எதிரியை விடுதலை செய்துவிட்டார். இனி இவர் எந்தக் கோர்ட்டின் வாசலை மிதிப்பது?

அந்நிய ஆட்சியில் இக்கேள்விக்கே இடமிருக்கவில்லை. 1898-ம் வருஷத்துக் கிரிமினல் நடைமுறைச் சட்டம், விடுதலையை எதிர்த்து அப்பீல் செய்யும் உரிமையைச் சர்க்காருக்கே கொடுத்தது, அதுவும் ஹைகோர்ட்டில். நஷ்டமடைந்த பிரஜை ரிவிஷன் மனுவோடு நிற்கவேண்டியதுதான். 1955-ல் பிராதுக்காரருக்கும் அப்பீல் வழி திறந்தது. ஆனால் ஹைகோர்ட்டின் விசேஷ அனுமதி பெற்றாகவேண்டும். 1973-ம் வருஷத்துச் சட்டமும் 378-வது பிரிவில் அந்தப் பூட்டை அப்படியே வைத்துக்கொண்டது. கிராமத்துப் பட்டறைக்காரர் சென்னைக்கு வந்து, ஹைகோர்ட் வக்கீலை அமர்த்தி, அப்பீல் செய்யலாமா என்று கேட்பதற்கே ஒரு மனுப் போடுவது என்ன நியாயமென்று நமக்கு விளங்கியதில்லை.

2009 டிசம்பர் 31 முதல் அமலான திருத்தம் 372-வது பிரிவில் ஒரு விதிவிலக்கைச் சேர்த்தது. குற்றத்தால் பாதிக்கப்பட்டவர் தாமே அப்பீல் செய்யலாம். எதிரி தண்டிக்கப்பட்டிருந்தால் அவர் எந்தக் கோர்ட்டுக்குப் போவாரோ, அதே கோர்ட்டுக்கு இவரும் போகலாம். மாஜிஸ்திரேட் விடுதலை செய்தால் செஷன்ஸ் கோர்ட். செஷன்ஸ் கோர்ட் விடுதலை செய்தால் ஹைகோர்ட். இதற்கு அனுமதி வேண்டியதில்லையென்று 2018 அக்டோபர் 12-ல் மல்லிகார்ஜுன் கொடகாலி வழக்கில் சுப்ரீம் கோர்ட் பெரும்பான்மையாய்த் தீர்ப்பளித்தது.

ஆயினும் செக் வழக்குப் பிராதுக்காரர் ‘பாதிக்கப்பட்டவர்’ ஆவாரா என்ற சந்தேகம் நீடித்தது. செலஸ்டியம் பைனான்ஷியல் என்ற நிறுவனம் இத்தகைய விடுதலையை எதிர்த்துச் சென்னை ஹைகோர்ட்டில் விசேஷ அனுமதி கேட்டது, ஹைகோர்ட் மறுத்தது. 2025 ஏப்ரல் 8-ல் சுப்ரீம் கோர்ட் நீதிபதிகள் நாகரத்னாவும் சதீஷ் சந்திர சர்மாவும், செக் திரும்பியதால் பணமிழந்தவர் பாதிக்கப்பட்டவரே, விசேஷ அனுமதியின்றி 372-வது பிரிவின்படி அவர் அப்பீல் செய்யலாம் என்று முடிவு கூறினர். ஆகவே நமது பட்டறைக்காரர் தமது ஜில்லா செஷன்ஸ் கோர்ட்டுக்கே போகலாம்.

சர்க்காரின் பாதை வேறு. போலீஸ் தானே புலன் விசாரிக்கக்கூடிய, ஜாமீனில் விடத்தகாத குற்றத்தில் மாஜிஸ்திரேட் விடுதலை செய்தால், ஜில்லா மாஜிஸ்திரேட்டின் உத்தரவின்மேல் பப்ளிக் பிராசிகியூட்டர் செஷன்ஸ் கோர்ட்டுக்குப் போவார். மற்றவற்றுக்கு ஹைகோர்ட், அங்கே அனுமதியும் வேண்டும். பாதிக்கப்பட்டவரல்லாத தனிப் பிராதுக்காரருக்கும் ஹைகோர்ட்டே கதி. 60 நாளுக்குள் அனுமதி கேட்கவேண்டும், சர்க்கார் உத்தியோகஸ்தராயின் 6 மாதம்.

அப்பீலுக்கு இடமிருக்க, ரிவிஷன் மனுப் போடுவோரும் உளர். இது பெரும் பிசகு. நம் மாகாணத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் ஹைகோர்ட், ரிவிஷனிலேயே விடுதலையைத் தண்டனையாக மாற்றிவிட்டது. அப்படிச் செய்ய ஹைகோர்ட்டுக்கு அதிகாரமில்லையென்று 2022 ஜனவரி 25-ல் சுப்ரீம் கோர்ட் அதைத் தள்ளிற்று. இத்தனை வருஷம் நடந்த வழக்கு மறுபடியும் அப்பீல் கட்டத்துக்கே திரும்பிற்று.

எதிரியின் பக்கத்தையும் மறக்கலாகாது. விடுதலை பெற்றவர் நிரபராதியென்ற அனுமானம் அத்தீர்ப்பால் இன்னும் உறுதிப்படுகிறது. சாட்சியத்திலிருந்து இரண்டு முடிவுகள் நியாயமாய்த் தோன்றினால், அப்பீல் கோர்ட் விடுதலையில் கை வைப்பதில்லை. வாசல் சரியாயிருந்தாலும் உள்ளே வழக்கு வலுவாயிருக்கவேண்டும்.

2024 ஜூலை 1 முதல் அமலிலுள்ள பாரதீய நாகரிக் சுரக்ஷா சம்ஹிதாவில் 372-வது பிரிவு 413 ஆகவும், 378-வது பிரிவு 419 ஆகவும் மாறியிருக்கின்றன. மனு எழுதும் வக்கீல் குமாஸ்தாக்கள் எண்ணைக் கவனித்து எழுதுவார்களாக.