ஆறு கெட்டால் யாரிடம் கேட்பது? எண்ணூர் மீனவர்களுக்கான சட்ட வழிகள்

2023 டிசம்பரில், மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலி ஆலைப் பகுதியிலிருந்து வந்த எண்ணெய், பக்கிங்காம் கால்வாய் வழியாகக் கொசஸ்தலை ஆற்றிலும் எண்ணூர் முகத்துவாரத்திலும் பரவியது. படகெல்லாம் கறுப்பாக அப்பிக்கொண்டது. எண்ணெய் ஏறிய வலைகள் வீணாயின. அதற்கு வெகுகாலம் முன்பிருந்தே அனல்மின் நிலையச் சாம்பல் படிந்து ஆறு மேடிட்டு வருகிறது. சேற்றைக் கையால் தடவி இறால் பிடிப்பவர்களின் விரலில் இன்று சாம்பல்தான் தட்டுப்படுகிறது.

வரைபடத்தில் ஊர் இருக்கிறதா?

யார், எங்கே, எந்த நாளில் வலை போடுவது என்று முறைவைத்துக்கொள்ளும் 'பாடு' வழக்கம் இங்கே தலைமுறைகளாக உண்டு. ஆனால் அரசு வரைபடத்தில் ஏறாத உரிமையைக் காப்பது கடினம். 2019 கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையின்படி, மீனவர் குடியிருப்புகளும் பொது இடங்களும் மீன் உலர்த்தும் இடங்களும் வரைபடத்தில் காட்டப்பட வேண்டும். வரைவு வெளியானதும் விடுபட்டவற்றைச் சுட்டி எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள்.

கருத்துக் கேட்புக் கூட்டம்

புதிய ஆலையோ துறைமுகமோ வரும்போது, குறைந்தது 30 நாள் முன்னறிவிப்போடு கூட்டம் நடக்கும். திட்ட அறிக்கையின் சுருக்கத்தைத் தமிழில் கேட்டு வாங்கலாம். கூட்ட முடிவில் மக்கள் சொன்ன கருத்துகளைத் தமிழில் வாசித்துக் காட்ட வேண்டும். அதுவரை கலையாதீர்கள், விட்டுப்போனதை அங்கேயே சேர்க்கச் சொல்லுங்கள்.

காலக்கெடு முக்கியம்

தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னையிலேயே இருக்கிறது. இழப்பீடு கோர 5 ஆண்டு; பிற சுற்றுச்சூழல் வழக்குகளுக்கு 6 மாதம்; திட்ட அனுமதியை எதிர்த்து மேல்முறையீடு செய்ய 30 நாள்.

தேதியுடன் படங்கள், ஏலக் கணக்கு, படகுப் பதிவு ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். படகு இல்லாத பெண்களும் இருளர்களும் நிவாரணப் பட்டியலில் எளிதில் விடுபடுவார்கள். அவர்களுக்கு மீனவர் நலவாரிய அட்டையும் கூட்டுறவுச் சங்க உறுப்பினர் பதிவும் நல்ல சான்று.

வக்கீல் வைக்க வசதியில்லையே என்று தயங்க வேண்டாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், தொழிற்சாலை விபத்தில் பாதிக்கப்பட்டோர் எல்லோருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் உதவி இலவசம். அழைக்க: 15100.

மனுவில் பணத்தோடு நிறுத்திவிடாதீர்கள். சீரழிந்த சுற்றுச்சூழலை மீட்டுத்தர உத்தரவிடும் அதிகாரமும் தீர்ப்பாயத்துக்கு உண்டு. நிவாரணம் சில மாதத்தில் கரைந்துவிடும். ஆற்றைத் தூர்வாரி, சாம்பலை அகற்றித் தந்தால்தான் தொழில் நிலைக்கும். இரண்டையும் சேர்த்தே கேளுங்கள்.