லில்லி-ரோஸ்: ஒரு பெயரின் வேர்களைத் தேடி

பெண் குழந்தைக்குப் பூவின் பெயரைச் சூட்டுவது எமது ஊவா மாகாணத்தில் எல்லாச் சமூகத்தாருக்கும் பொதுவான வழக்கம். தோட்டத்து லயங்களில் மல்லிகா, செண்பகம், புஷ்பம் என்று வைத்தார்கள். சிங்கள வீடுகளில் நெலும், குசும் என்று வைத்தார்கள். கத்தோலிக்கக் குடும்பங்களில் ரோஸ்மேரியும் ரோஸ்லினும் வளர்ந்தார்கள். முஸ்லிம் வீடுகளில் யாஸ்மின், நஸ்ரின், ரைஹானா, ஸஹ்ரா என்ற பெயர்கள் மணந்தன. கைத்தொலைபேசியில் பெயர் தேடும் இன்றைய இளம் பெற்றோரின் கண்ணில் இவற்றோடு இன்னொரு வகைப் பெயரும் படுகிறது. இரண்டு பூக்களை ஒரு சிறு கோட்டால் இணைத்த பெயர் அது. ‘லில்லி-ரோஸ்’ அவற்றுள் ஒன்று.

இப்படியொரு பெயரைச் சொன்னதும் வீட்டில் இரண்டு கேள்விகள் எழும். “இதற்கு என்ன அர்த்தம்?” என்று உம்மம்மா கேட்பார். “இது எம்முடைய பெயரா?” என்று வாப்பா கேட்பார். மூன்றாவதாக ஒரு கேள்வியும் உண்டு. அதைப் பெரும்பாலும் எவரும் கேட்பதில்லை: “இதை எப்படி எழுதப் போகிறோம்?” இந்த மூன்றுக்கும் விடை தேடுவோம்.

லில்லி

லத்தீன் மொழியில் ‘லிலியும்’, கிரேக்கத்தில் ‘லெய்ரியோன்’. இவ்விரண்டுமே மத்தியதரைக் கடலின் கிழக்குக் கரையிலிருந்த ஏதோ ஒரு பழைய மொழியிலிருந்து இரவல் பெற்றவை என மொழியியலாளர் கருதுகின்றனர்.

லில்லிப் பூவை அரபியர் ‘ஸவ்ஸன்’ என்பர். அது அரபு நாடுகளில் பெண்களுக்கு விருப்பத்தோடு சூட்டப்படும் பெயர். அச்சொல்லின் வேர் பண்டைய எகிப்தில் இருக்கிறது. எகிப்தியர் நைல் நதியில் பூத்த அல்லி இனப் பூவைக் குறிக்க அதைப் பயன்படுத்தினர். அங்கிருந்து எபிரேய மொழிக்குச் சென்று ‘ஷோஷன்னா’ ஆனது. ஐரோப்பாவை அடைந்து ‘சூசன்’ ஆனது. ஆகவே சூசனும் ஸவ்ஸனும் ஒரே பெயரின் இரு வடிவங்கள்.

தாவரவியலில் லில்லி வேறு, அல்லி வேறு. லில்லி நிலத்தில் கிழங்கிலிருந்து முளைப்பது, அல்லி நீரில் பூப்பது. ஆயினும் ஸவ்ஸன் என்ற சொல் புறப்பட்ட இடம் அல்லிக் குளம்தான். எமது நாட்டின் தேசிய மலரான நீலோற்பலமும் அந்த அல்லிக் குடும்பத்தைச் சேர்ந்ததே.

ரோஸ்

‘ரோஸ்’ என்பதன் கதை இன்னும் சுவையானது. லத்தீனில் ‘ரோசா’, கிரேக்கத்தில் ‘ரோடோன்’. பழைய ஈரானிய மொழியில் இப்பூவுக்கு வழங்கிய ஒரு சொல்லே மேற்கே சென்று ரோடோன் ஆகவும் ரோசா ஆகவும் மாறியது என்பது அறிஞர் பலரின் கருத்து. அதே ஈரானியச் சொல் அரபுக்கு வந்து ‘வர்த்’ ஆனது. ‘வர்தா’ என்ற பெயர் அதிலிருந்து வந்தது. பாரசீகத்திலேயே தங்கிய அச்சொல் காலப்போக்கில் ‘குல்’ எனச் சுருங்கியது. ரோஸ், வர்தா, குல் என்று மூன்று பெயர்களாக இன்று தெரிபவை ஒரே வேரிலிருந்து கிளைத்தவை.

‘குல்’ எமக்குப் புதியதன்று. ரோஜா இதழ்களைச் சீனியில் ஊறவைத்த ‘குல்கந்து’ என்பதில் இருப்பது அந்தச் சொல்லே. ‘குலாப்’ என்பது ரோஜா நீர். கலியாண வீடுகளில் தெளிக்கும் பன்னீரும் அதுதான். ரோடோன் கூட எமக்கு அண்டை வீட்டுச் சொல்தான். ஹோர்ட்டன் சமவெளியில் சிவப்பாகப் பூக்கும் ‘மஹ ரத்மல்’ மரத்தின் தாவரவியற் பெயர் ரோடோடென்ட்ரன். கிரேக்கத்தில் அதற்கு ‘ரோஜா மரம்’ என்று பொருள். தமிழுக்கும் சிங்களத்துக்கும் ‘ரோசா’ வந்து சேர்ந்தது போர்த்துக்கேயரின் வழியாக.

ஆகவே லில்லி-ரோஸ் என்ற பெயரை அரபில் சொன்னால் ஏறக்குறைய ஸவ்ஸன், வர்தா என்றாகும். மேற்கிலிருந்து வந்ததாகத் தோன்றும் இப்பெயரின் இரு பாதிகளுக்கும் கிழக்கில் உறவினர் இருக்கின்றனர்.

பூ பெயரானது எப்படி?

பூவின் வரலாறு வேறு, பெயரின் வரலாறு வேறு. ஆங்கிலேயரிடையே ‘லில்லி’ என்பது எலிசபெத் என்ற நீண்ட பெயரைச் செல்லமாகச் சுருக்கியழைக்கவும் வழங்கியது. ‘ரோஸ்’ என்ற பெண்பெயரோ நோர்மானியர் இங்கிலாந்துக்குக் கொண்டுவந்த ‘ரோஹெஸ்’ என்ற பழைய ஜெர்மானியப் பெயரோடு தொடர்புடையது. அதன் முற்பகுதிக்குப் ‘புகழ்’ என்பது பொருள். ஓசை ஒத்திருந்ததால் பிற்கால மக்கள் அதில் ரோஜாவைக் கண்டார்கள். 19 ஆம் நூற்றாண்டில் பூப்பெயர்கள் இங்கிலாந்தில் நாகரிகமானபோது லில்லியும் ரோஸும் முழுக்கப் பூக்களாகவே ஆகிவிட்டன.

ரோஸ்மேரியின் கதை இதற்கு நேர்மாறானது. கேட்பவர் அதில் ரோஜாவையும் மேரியையும் காண்பர். ஆனால் அச்செடியின் பெயர் லத்தீனில் ‘கடற்பனி’ என்று பொருள்படும் சொற்களிலிருந்து வந்தது. சொல்லின் வேர் ஒரு பொருளைச் சொல்ல, மக்கள் மனம் வேறொரு பொருளை அதில் ஊன்றுவது பெயர்களின் இயல்பு. பெற்றோர் எந்த எண்ணத்தோடு சூட்டினார்களோ, அதுவே பிள்ளையின் மனதில் அப்பெயரின் முதற்பொருளாகத் தங்குகிறது.

நடுவில் உள்ள கோடு

இரு பெயர்களைக் கோட்டால் இணைத்து ஒன்றாக்குவது பிரெஞ்சுக்காரரிடம் வேரூன்றிய வழக்கம். ஜோன்-போல், மரி-கிளேர் என்பவை அங்கே ஒரே பெயர்கள். லில்லி-ரோஸ் என்ற பெயரை உலகறியச் செய்த நடிகை லில்லி-ரோஸ் டெப் 1999 இல் பிரான்சில் பிறந்தவர். அவருடைய தாயார் பிரெஞ்சுப் பாடகி. கோடு இருந்தால் இரண்டும் சேர்ந்து ஒரு பெயர். கோடு இல்லாவிட்டால் முதற்பெயர் ஒன்று, நடுப்பெயர் ஒன்று எனப் பிரிந்துவிடும்.

தமிழ் கற்கும் மாணவியர் இதைத் தொகைநிலைத் தொடராகப் பார்க்கலாம். லில்லியும் ரோஸும் என விரிவதால் இது உம்மைத்தொகை. ஆனால் எல்லா இரட்டைப் பெயரும் இப்படி விரிவதில்லை. முகலாய மன்னர் பாபரின் மகள் குல்பதன் பேகம். தம் சகோதரர் ஹுமாயூனின் வரலாற்றை ‘ஹுமாயூன் நாமா’ என்ற நூலாக எழுதியவர். ‘குல்’ ரோஜா, ‘பதன்’ உடல். ரோஜா போன்ற மேனியை உடையவள் என்று விரியும். எமது மலர்விழியும் பூங்குழலியும் இவ்வாறே அமைந்த அன்மொழித்தொகைகள். ‘நூருல் ஐன்’ என்பதோ ‘கண்ணின் ஒளி’ என ஆறாம் வேற்றுமையில் விரிகிறது.

பூ + குழலி என்பதைப் பூங்குழலி எனத் தமிழ் புணர்ச்சியால் இணைக்கிறது. நூர், ஐன் என்ற இரு சொற்களை அரபு ‘அல்’ என்பதால் இணைக்கிறது. பிரெஞ்சும் ஆங்கிலமும் கோட்டால் இணைக்கின்றன. இணைக்கும் முறைதான் வேறு. இரு சொல்லில் ஒரு பெண்ணை அழைக்கும் ஆசை எல்லா மொழியிலும் உண்டு.

எம்முடைய பெயரா?

இப்ராஹீம், இஸ்மாயீல், மர்யம் ஆகிய பெயர்கள் அரபு வேரில் பிறந்தவை அல்ல என்று அரபு இலக்கண அறிஞர்களே கூறுவர். ஆகவே மொழியைவிடப் பொருளே முதலில் கவனிக்கப்பட வேண்டியது. நபி (ஸல்) அவர்கள் ‘மாறு செய்பவள்’ என்ற பொருள்தரும் ‘ஆஸியா’ என்ற பெயரை ‘ஜமீலா’, அதாவது அழகானவள், என மாற்றிய செய்தி ஹதீஸில் வருகிறது.

இதைப் படித்ததும் ஒரு மாணவி திடுக்கிடலாம். பிர்அவ்னின் மனைவியான ஆஸியா அம்மையார் போற்றப்படும் பெண்மணி அல்லவா? ஆம். அவருடைய பெயர் வேறு. அரபில் அவ்விரு பெயர்களுக்கும் எழுத்துகள் வேறு, ஒலி வேறு. தமிழில் எழுதும்போதுதான் இரண்டும் ஒன்றாகின்றன. மூன்றாவது கேள்வி இங்கேதான் பிறக்கிறது.

எப்படி எழுதுவது?

எமது வீடுகளில் மிகப் பரவலான பூப்பெயர் ஸஹ்ரா. ‘பாத்திமா ஸஹ்ரா’ எனச் சேர்ந்தே ஒலிப்பதால் அதுவும் ஓர் இரட்டைப் பெயர்தான். பூத்தல், ஒளிர்தல் ஆகிய இரு பொருளையும் தரும் வேரிலிருந்து வந்தது. அதன் முதலெழுத்தை ஆங்கிலத்தில் ‘இஸட்’ கொண்டு எழுத வேண்டும். தமிழில் அதற்கென எழுத்து இல்லாததால் ‘ஸ’ போடுகிறோம். அந்த ‘ஸ’வைப் பார்த்து யாரேனும் ஆங்கிலத்தில் ‘எஸ்’ போட்டுவிட்டால் கிடைக்கும் சொல்லுக்கு அரபில் ‘பாலைவனம்’ என்று பொருள். சஹாரா பாலைவனத்தின் பெயர் அதிலிருந்து வந்ததே. பூ என்று சூட்டிய பெயர் ஓர் எழுத்தால் பாலைவனமாகிறது.

பாத்திமாவுக்கும் இதே கதி. தமிழின் ‘பா’வை ஆங்கிலத்தில் ‘எஃப்’, ‘பி’ என்று ஆளுக்கொரு விதமாக எழுதலாம். ‘ரோஸ்’ என்பதும் ஆங்கிலத்தில் இறுதி ‘ஈ’ இன்றி எழுதப்பட்டால் வேறு சொல் போலாகும். லில்லிக்கு ஓர் ‘எல்’லா, இரண்டா என்ற ஐயமும் உண்டு.

ஓர் எழுத்து என்ன செய்துவிடும் என்று எண்ணுவோர் மலையகத்தின் வரலாற்றைப் பார்க்க வேண்டும். 1948 ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் தந்தைவழி முன்னோர் இந்நாட்டில் பிறந்ததற்கான ஆதாரத்தைக் கேட்டது. அத்தகைய பத்திரங்கள் இல்லாத தோட்டத் தொழிலாளர் இலட்சக்கணக்கில் நாடற்றவர் ஆயினர். 1964 இன் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களில் 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய பிரச்சினை தீர 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டம் வரை காத்திருக்க நேர்ந்தது. குடியுரிமை கிடைத்த பின்பும் தொல்லை முற்றாகத் தீரவில்லை. செக்ரோலில் ஒரு பெயர், பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் வேறொரு பெயர், அடையாள அட்டையில் இன்னொரு பெயர் என்றிருந்தால் ஊழியர் சேமலாப நிதியைப் பெறுவதற்கே அலைய வேண்டிவரும். பதுளை, பசறை, ஹப்புத்தளைப் பக்கத்துக் குடும்பங்கள் பல அறிந்த துன்பம் இது.

கோட்டுக்கும் இந்த ஆபத்து உண்டு. கடவுச்சீட்டின் அடியில் இயந்திரம் வாசிப்பதற்காக இரு வரிகள் அச்சிடப்படும். சர்வதேச விதிப்படி அவ்வரிகளில் சிறு கோட்டுக்கும் வெற்றிடத்துக்கும் ஒரே நிரப்புக்குறிதான். லில்லி-ரோஸ் என்ற ஒரு பெயரும் லில்லி, ரோஸ் என்ற இரு பெயர்களும் அங்கே ஒன்றாகவே தோன்றும். மற்றைய பத்திரங்களில் ஒன்றில் கோடு போட்டும் இன்னொன்றில் விட்டும் எழுதினால் குழப்பம் பெருகும்.

பெற்றோர் செய்யக்கூடியவை

பிறப்பை 42 நாள்களுக்குள் பதிவு செய்ய வேண்டும். ஏழாம் நாள் பெயர் சூட்டுவோருக்கு அதன்பின் 35 நாள்கள் இருக்கின்றன. அந்த அவகாசத்தில் பெயரை ஒரு தாளில் தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் தெளிவாக எழுதிக்கொள்ளுங்கள். அரபுப் பெயராயின் அரபிலும் எழுதி, தெரிந்த ஆலிம் ஒருவரிடமோ அரபு ஆசிரியையிடமோ காட்டுங்கள். கோடு வேண்டுமா என்பதை வீட்டிலேயே முடிவு செய்யுங்கள். பதிவாளரிடம் வாயால் சொல்லாமல் அந்தத் தாளையே கொடுங்கள். கையொப்பமிடுமுன் ஒவ்வோர் எழுத்தாகப் படித்துப் பாருங்கள். பிழை ஏற்கெனவே நேர்ந்திருந்தால் பிரதேச செயலகத்திலுள்ள மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் திருத்தத்துக்கு விண்ணப்பிக்கலாம்.

மாணவியருக்கும் ஒரு வேலை இருக்கிறது. க.பொ.த. சாதாரண தரப் பரீட்சைக்கு அடையாள அட்டை தேவை. அந்த விண்ணப்பத்தை நிரப்புமுன் உங்கள் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தைக் கேட்டு வாங்கி, அதில் உங்கள் பெயர் எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். அப்பெயரின் பொருளையும், அதை முதலில் சொன்னவர் யார் என்பதையும் உம்மாவிடம் கேளுங்கள். வீட்டில் எழுதத் தெரியாத பெரியவர் இருந்தால் அவருடைய பத்திரங்களையும் எடுத்து, எல்லாவற்றிலும் ஒரே பெயர்தானா என்று ஒப்பிட்டுப் பாருங்கள்.