கரப்பானா, வண்டா?

இரவில் வீட்டினுள் தென்படும் கரிய பூச்சிகள் யாவற்றையும் கரப்பான் என்றே கருதி மருந்து தெளிக்கிறோம். உணவுப் பண்டங்கள் உள்ள இடத்தில் நஞ்சைத் தெளிக்குமுன் பூச்சி இன்னதென்று அறிதல் நலம்.

கரப்பானின் உடல் தட்டையானது; மீசை நீண்டது; வளர்ந்த கரப்பானின் இறக்கைகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்கும். வண்டின் மேலிறக்கைகளோ ஓடு போல் கடினமானவை. முதுகின் நடுவே நேர்கோட்டில் கூடும். சுவர்க்கோழியின் பின்கால்கள் நீண்டு பருத்தவை. அது தாவிச் செல்லும்.

கரப்பான் சாக்கடையிலும் கழிவறையிலும் ஊர்ந்து, நோய்க்கிருமிகளை உணவிற்குக் கொணர்கிறது. பெரிய செங்கரப்பானின் முட்டைக்கூடு காராமணி விதை போன்றிருக்கும். ஒரு கூட்டில் சுமார் 15 முட்டைகள் உண்டு. இடுக்குகளில் அவற்றைத் தேடி நசுக்குதல் வேண்டும். எச்சில் பாத்திரங்களை இரவில் கழுவாது வைத்தல் ஆகாது.

வண்டுகளுள் ஒன்றை விவசாயிகள் தனியே அறிந்திருத்தல் அவசியம். விளக்கொளியை நாடி வரும், தலையில் கொம்புடைய பெரிய கருவண்டே காண்டாமிருக வண்டு. வீட்டில் அதனால் தீங்கில்லை. ஆனால் தென்னங்குருத்தைக் குடைந்துவிடும். எருக்குழிகளில் அது பெருகுகிறது. ஆதலின் குழியைக் கிளறிப் புழுக்களைப் பொறுக்கி அழிப்போமாக. பொதுக் குழிகளைப் பஞ்சாயத்துகள் கவனித்தால் ஊர்த் தென்னைகள் பிழைக்கும்.