சூரைச்செடியின் கீழே ஓர் இறைவாக்கினர்



மழை வலுக்கும் இரவுகளில் உறங்க இயலாது விழித்திருப்போர் நம் மலையகத்தில் பலர். 2016 மே 17ஆம் நாள், கேகாலை மாவட்டம் புளத்கொகுபிட்டிய பகுதியில் தோட்டக் குடியிருப்பின்மேல் மண்சரிந்து பத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அதே நாளில் அரநாயக்கவில் இறந்தோரும் காணாமற்போனோரும் நூற்றுக்கும் அதிகம். 2025 நவம்பரில் டித்வா புயல் மலைகளைச் சரித்தபோது, அந்தப் பழைய நினைவுகள் எத்தனை உள்ளங்களில் மீண்டும் எழுந்திருக்கும்!

இத்தகையோரிடம், "கடவுளை நம்பு, நடந்ததை மறந்துவிடு" என்கிறோம். அன்பினால் சொன்னாலும், அச்சொல் அவர்களுக்குக் குற்றச்சாட்டாகவே ஒலிக்கும். மனவடு என்பது விசுவாசக் குறைவன்று. அது உள்ளத்தில் ஏற்பட்ட காயம்.

அக்காயம் ஒரே வகையினதுமன்று. மண்சரிவு, விபத்து போன்ற ஒரே நிகழ்வால் வருவது ஒன்று. குடிகாரக் கணவனின் அடி, நீண்ட போர் என மீண்டும் மீண்டும் தாக்குவதால் வருவது மற்றொன்று. காக்க வேண்டியவரே சிறுவயதில் துன்புறுத்தினால், பிறரை நம்பும் ஆற்றலே சிதைகிறது. சடலங்களைத் தோண்டி எடுத்தவரும், துயருற்றோரைப் பராமரித்தவரும்கூடக் காயமடைவதுண்டு. 2019 உயிர்த்த ஞாயிறன்று நம் ஆலயங்களில் நிகழ்ந்ததுபோல, மனிதர் வேண்டுமென்றே இழைத்த தீமை இன்னும் ஆழமாகப் புண்படுத்தக்கூடும்.

திருவிவிலியம் இதனை அறியாததன்று. அரசர்கள் முதல் நூலின் 19ஆம் அதிகாரத்தை எடுத்து வாசியுங்கள். கர்மேல் மலையில் வெற்றி கண்ட எலியா, ஈசபேலின் கொலைமிரட்டலுக்கு அஞ்சி ஓடி, பாலைநிலத்தில் சூரைச்செடியின் கீழ் அமர்ந்து சாவை வேண்டுகிறார். ஆண்டவர் அவரைக் கடிந்துகொண்டாரா? இல்லை. உறங்கவிட்டார். வானதூதர் வழியாக அப்பமும் தண்ணீரும் தந்தார். மீண்டும் உறங்கவிட்டு, மீண்டும் உணவளித்தார். பின்னர் ஓரேபு மலையில், அவர் தம் மனக்குறையை இருமுறை சொல்லும்வரை கேட்டார். அதன் பிறகே பணியைக் கொடுத்தார். எலிசா என்னும் துணையையும் காட்டினார்.

இந்த வரிசையை நாம் மாற்றிவிடுகிறோம். உணவுக்கும் உறக்கத்திற்கும் முன்பாக அறிவுரையைத் தருகிறோம். முதலில் பாதுகாப்பான இடமும் சுடுசோறும் வேண்டும். பிறகு, அவர் பேச விரும்பும்போது பொறுமையாகக் கேட்கும் செவி வேண்டும். "என்ன நடந்தது, சொல்" என்று வற்புறுத்துதல் காயத்தைக் கிளறிவிடும்.

பெரும்பாலோர் உறவுகளின் அரவணைப்பில் மெல்லத் தேறுகின்றனர். ஆயினும் கொடுங்கனவு, திடுக்கிடல், நிகழ்ந்த இடத்தைத் தவிர்த்தல் ஆகியன ஒரு மாதத்திற்கு மேல் நீடித்து வாழ்வைக் குலைக்குமாயின், உளவளத்துணையாளரையோ மனநல மருத்துவரையோ நாடுங்கள். தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்னும் தொலைபேசி இலக்கமும் உண்டு. கால் முறிந்தால் செபமும் செய்கிறோம், மருத்துவமனைக்கும் செல்கிறோம் அன்றோ? உள்ளம் முறிந்தாலும் அவ்வாறே.

உயிர்த்த ஆண்டவர் தம் காயங்களை மறைக்கவில்லை, தோமாவுக்குக் காட்டினார். ஆறிய பின்னும் வடு இருக்கலாம், அதில் வெட்கமில்லை. உங்கள் அயலிலும் ஒருவர் சூரைச்செடியின் கீழ் அமர்ந்திருக்கக்கூடும். இவ்வாரம் அவர் இல்லம் செல்லுங்கள். அறிவுரையை வீட்டில் வைத்துவிட்டு, அப்பத்தை எடுத்துச் செல்லுங்கள்.